தராசுக்கு இன்னும் ஆறு நாள்

...இருபது கிலோ என்று டாக்டர் தன் வாயால் சொல்லவே இல்லையோ, லிட்டர் என்றுதான் சொன்னாரோ, சொன்னால் என்ன, ஒரு லிட்டர் தண்ணீர் ஒரு கிலோ என்று ஆறாம் வகுப்பில் படித்ததுதானே, கொழுப்பு தண்ணீரைவிடக் கனமாகத்தான் இருக்கும், சுமக்கிறவனுக்குத் தெரியாதா அதன் கனம்... என்று யோசுவா மேஜையில் மல்லாந்து கிடந்து, மேலே வட்டமாகத் தொங்கிய விளக்கைப் பார்த்தபடி மனசுக்குள் கூட்டிக் கழித்துக்கொண்டிருந்தார், இடுப்பில் காகிதத்தில் செய்த ஒரு ஜட்டி, தும்மினால் கிழிந்துவிடும், இதைப் போட்டுக்கொள்ளச் சொல்லி நீட்டியபோது நர்ஸ் சுமியின் முகத்தில் ஒரு சிரிப்பும் இல்லை, அதுதான் அவமானம், தினமும் பார்க்கிறாள் போல... முதலில் நிற்கவைத்து முன்னாலும் பக்கவாட்டிலும் போட்டோ எடுத்தார்கள், பிறகு டாக்டர் ரெஜி முட்டிபோட்டு உட்கார்ந்து, நீல மார்க்கர் பேனாவால் வயிற்றின்மேல் வட்டத்துக்குள் வட்டமாக வரைந்தார், வில்லேஜ் ஆபீஸ் வரைபடத்தில் குன்றுக்கு வரைகிற மாதிரி, இடுப்பின் இரண்டு பக்கத்திலும் அம்புக்குறி. "சத்தியதாஸ் சேட்டா, வயிறை உள்ள இழுக்கண்டா, ஃப்ரீயா விடணும்" என்றார், அப்போதுதான் தெரிந்தது, இந்த அறைக்குள் நுழைந்ததிலிருந்து அவர் மூச்சைப் பிடித்து வயிற்றை உள்ளே இழுத்துவைத்திருக்கிறார், வயிற்றைக் குறைக்க வந்த இடத்தில் வயிற்றை ஒளித்துக்கொண்டு... சத்தியதாஸ் என்பது இங்கே கொடுத்த பெயர். தொழில், பலசரக்கு வியாபாரம்.

பாலராமபுரத்தில், தகரக் கூரை போட்ட ஜெபவீட்டின் வாசலில், ஆளுயர பிளக்ஸில் இருக்கிற பெயர் ரெவரெண்ட் டாக்டர் யோசுவா. அந்த டாக்டர் அமெரிக்காவிலிருந்து தபாலில் வந்தது, உறை மழையில் நனைந்து முத்திரை கொஞ்சம் கலங்கியிருந்தது, ஆனாலும் டாக்டர் டாக்டர்தான், இந்த ரெஜிக்கு என்ன, முப்பத்தைந்து வயது இருக்குமா, ஒரு டாக்டர் இன்னொரு டாக்டரைச் சேட்டா என்று கூப்பிடுகிற முறை எந்த ஊரில் இருக்கிறது... பிளக்ஸில் அவர் படத்துக்குக் கீழே, தேச எழுப்புதலுக்காக நாற்பது நாள் உபவாசம், தண்ணீர் மாத்திரம், என்று மஞ்சள் எழுத்து, அதற்கும் கீழே, இறுதி நாளில் சாட்சியும் எடை பார்த்தலும். எடை பார்த்தல் யாருடைய யோசனை, வேறு யாருடையது, அவருடையதுதான். உபவாசம் இருக்கிறேன் என்று எவனும் சொல்லலாம், களியிக்காவிளையிலிருந்து கழக்கூட்டம் வரைக்கும் முக்குக்கு முக்கு ஒருவன் இருக்கிறான், ஒருவனாவது தராசில் ஏறிக் காட்டியிருக்கிறானா என்று அவருக்கு ஒரு நாள் அதிகாலையில் தோன்றியது, தோன்றியதை வெளிப்பாடு என்று அறிவித்தார். முதல் நாள், சொரிமுத்துவின் சிமெண்ட் கடையில் மூட்டை நிறுக்கிற தராசை நாலு பேர் தூக்கிக்கொண்டு வந்து பிரசங்க மேடைக்குப் பக்கத்தில் வைத்தார்கள், சொரிமுத்துவே நெற்றி நிறைய விபூதியோடு வந்து நின்று கல்லை நகர்த்தி, "தொண்ணூத்தாறு" என்று ஏலம் விடுகிறவன் மாதிரிச் சொன்னான், சபையார் ஸ்தோத்திரம் சொன்னார்கள், எதற்கு ஸ்தோத்திரம் என்று அவர்களுக்கும் தெரியாது அவருக்கும் தெரியாது. அன்றைக்கு அவர் நிஜமாகவே உபவாசம் இருக்கத்தான் நினைத்தார், அதை யாரும் இல்லை என்று சொல்ல முடியாது, இருந்தார், ராத்திரி எட்டரை மணி வரைக்கும் இருந்தார். மேடையில் நிற்கிறவன் விழுந்துவிட்டால் ஊழியம் என்னாவது... வீட்டுக் கதவைச் சாத்திவிட்டு, "எலிசா, சோறு இருக்கா" என்று கேட்டார், எலிசாள் அவரைப் பார்த்தாள், அவர் சட்டியைப் பார்த்தார், வாளைமீன் குழம்பு, வைத்தாள், தின்றார், அதற்குப் பிறகு அதைப் பற்றி அவளும் கேட்கவில்லை அவரும் சொல்லவில்லை, பெண்சாதி என்றால் இப்படி இருக்க வேண்டும். வெளியே ஒரு டீ குடிக்க முடியாது, ஒரு பழம்பொரி கடிக்க முடியாது, அந்தத் துக்கத்தை எல்லாம் வீட்டில் மூன்று வேளையும் தீர்த்துக்கொண்டார், இன்று காலை இங்கே ஏறிய மிஷினில் தொண்ணூற்றெட்டரை காட்டியது. முப்பத்திநாலு நாள் உபவாசத்தில் இரண்டரை கிலோ கூடியவர் உலகத்திலேயே அவர் ஒருவராகத்தான் இருப்பார், ஆனால் இதைச் சாட்சியாகச் சொல்ல முடியாது.

எல்லாம் அந்த லிங்கத்தால் வந்தது. திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து விழிஞ்ஞத்துக்குக் கான்கிரீட் வேலைக்கு வந்த கொத்தன், மூன்று மாசமாக ஜெபவீட்டுக்கு வருகிறான், முன்வரிசையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, பிரசங்கத்தைக் காதால் கேட்காமல் கண்ணால் கேட்கிறவன், நாள் முழுக்கத் தூக்குக்குண்டு பிடித்துச் சுவரைப் பார்த்துப் பழகிய கண். இருபதாம் நாள் சாயங்காலம், கூட்டம் முடிந்து எல்லோரும் தலை தடவி ஜெபிக்க வரிசையில் நிற்கும்போது, அவன் முறை வந்ததும், தலையைக் குனியாமல், நேராக அவருடைய இடுப்பைப் பார்த்து, "ஐயா, ஒண்ணு கேக்கட்டா, தப்பா எடுக்கப்பிடாது, நான் மூணு நாளு பட்டினி கெடந்தா எனக்க சாரம் இடுப்புல நிக்காது, ஒங்களுக்கு இருவது நாளு ஆச்சு, பெல்ட்டு அதே ஓட்டையில நிக்குதுல்லா, அற்புதம்னா இதாக்கும்" என்றான். பின்னால் நின்ற கிழவிகள் ஸ்தோத்திரம் என்றார்கள். அவன் முகத்தில் ஒன்றுமே இல்லை, பூசி முடித்த சுவர் மாதிரி, அது விசுவாசமா கிண்டலா... அவர் அவன் தலையில் கை வைத்து வழக்கத்தைவிடக் கொஞ்சம் அழுத்தி ஜெபித்தார். ஆனால் அன்றையிலிருந்து வரிசையில் வருகிற அத்தனை பேரும் முதலில் பெல்ட்டைப் பார்க்க ஆரம்பித்தார்கள், குழந்தைகள்கூட, சோறு போடுகிற ஹோட்டலில் தட்டுக் கழுவுகிற பையன்கள், செங்கல் சுமக்கிற பெண்கள், பசி என்றால் என்ன செய்யும் என்று உடம்பால் தெரிந்தவர்கள், இவர்களிடம் போய் உபவாசத்தைக் காட்டினோமே, ஒரு நல்ல வசதியான சபையாக இருந்திருந்தால் யாருக்கும் ஒன்றும் தெரிந்திருக்காது...

அப்போதுதான் அந்த மலையாள வாரப்பத்திரிகை கையில் கிடைத்தது, கர்த்தர் அனுப்பினதோ யார் அனுப்பினதோ, நடுப்பக்கத்தில் ஒரு பெண்ணின் இடுப்பு, முன்பு, பின்பு, நடுவில் ஒரு குழாய். கொழுப்பை உறிஞ்சி எடுப்பது. வேர்வை இல்லை, ஓட்டம் இல்லை, பட்டினி இல்லை, அவருக்கு அந்தக் கடைசி வார்த்தை போதும். பத்து நாள் முன்பு வந்து பார்த்தபோது டாக்டர் ரெஜி ஒன்றையும் மறைக்கவில்லை, அதைச் சொல்லத்தான் வேண்டும், விரல் விட்டு எண்ணிச் சொன்னார், "இது வெயிட் கொறைக்கிற ட்ரீட்மெண்ட் அல்ல கேட்டோ, ஷேப் மாத்துறது, கூடிப்போனா நாலு லிட்டர் எடுப்பேன், அதுக்கு மேல எடுத்தா ஆபத்து, மொதல்ல நல்லா வீங்கும், ரெண்டு நாள் குழாய் போட்ட ஓட்டையிலேந்து வெள்ளம், அதான் தண்ணி, வடியும், ஆறு வாரம் இறுக்கின பெல்ட்டு போடணும், சரியான ஷேப் தெரிய மூணு மாசம், சிலருக்கு ஆறு மாசம்." யோசுவா தலையாட்டிக் கேட்டுக்கொண்டார், கேட்டு, தள்ளுபடி செய்துகொண்டார். மேடையில் தான் நூறு என்று சொன்னால் முப்பது என்று எடுத்துக்கொள்ள வேண்டும் என்பது அவருக்குத் தெரியும், முப்பது வருஷ அனுபவம், இந்த டாக்டர் எதிர்ப்பக்கத்து ஆள், முப்பது என்றால் நூறு, பெரிய படிப்புப் படித்தவர்கள் அடக்கித்தான் பேசுவார்கள், அற்புதம் நடந்ததும் நாம் ஆச்சரியப்பட வேண்டும் என்று. நாலு லிட்டர் என்றால் பதிமூன்று, கொழுப்பின் கனத்தையும் சேர்த்தால் இருபது கிலோ, மூன்று மாசம் என்றால் ஆறு நாள்.

ஆறு நாள் போதும். இன்று திங்கள், முப்பத்திநாலாம் நாள், ஞாயிறு நாற்பது. சபையாரிடம் பொன்முடியில் ஐந்து நாள் மௌன ஜெபம் என்று சொல்லிவிட்டு, காலையில் வெள்ளைச் சட்டையைக் கழற்றிவைத்து, கோடு போட்ட சட்டையும் ஒரு தொப்பியுமாக எலிசாளைக் கூட்டிக்கொண்டு பஸ் ஏறினார், கூட ஒரு பைஸ்டாண்டர் இல்லாமல் அட்மிட் செய்ய மாட்டோம் என்று ஆஸ்பத்திரியில் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார்கள், நோயாளியோடு கூட இருக்க ஒரு ஆள், எலிசாளை விட்டால் வாய் திறக்காத ஆள் வேறு யார். கிழக்கேகோட்டையில் இறங்கினதும் ஒரு விசித்திரமான சந்தோஷம் அவருக்கு, இங்கே ஒருவருக்கும் என்னைத் தெரியாது, முப்பத்திநாலு நாளில் முதல்முறையாக நாலு பேர் பார்க்க உட்கார்ந்து சாப்பிடலாம்... "ராத்திரி பன்னெண்டுக்கு மேல பச்சத் தண்ணிகூட ஆகாதுன்னு அந்தச் சிஸ்டரு சொன்னாவல்லா" என்றாள் எலிசாள், ஹோட்டல் படியில் நின்றபடி. "அது எல்லாருக்கும் சும்மா சொல்லுறது, நான் பாக்காத பட்டினியா" என்றார் அவர், சொன்ன பிறகு ஒரு கணம் அவருக்கே கொஞ்சம் என்னவோபோல் இருந்தது, நெய்ரோஸ்ட் வந்ததும் சரியாகிவிட்டது. சர்வர் இரண்டு பேருக்கும் சேர்த்து உழுந்துவடை கொண்டுவந்து வைத்தான், அவள் தன் தட்டை அவர் பக்கம் தள்ளினாள், சூடுவெள்ளம் மட்டும் குடித்தாள், பஸ்ஸில் வந்தால் அவளுக்கு எப்போதும் குமட்டும். ஆட்டோ பழவங்காடிக் கோயில் வாசலில் நின்றுவிட்டது, தேங்காய் உடைக்கிற கூட்டம், சில்லுகள் தெறிக்கிற சத்தம், அவர் வழக்கம்போல் முகத்தை மறுபக்கம் திருப்பிக்கொண்டார், உள்ளே தொந்தியோடு உட்கார்ந்திருக்கிறவரிடம் இவர்கள் யாரும் எடை கேட்பதில்லையே என்று ஒரு நினைப்பு, நினைத்ததற்காக உடனே மன்னிப்பும் கேட்டுக்கொண்டார், யாரிடம் என்று குறிப்பிடாமல். இங்கே வந்ததும் சுமி ஒரு படிவத்தை வைத்துக்கொண்டு, "ராத்திரிக்குப் பிறகு ஏதாவது கழிச்சீங்களா, சாப்பிட்டீங்களா" என்று கேட்டாள், "ஒண்ணும் இல்ல, வெறும் வயிறு" என்றார், கண்களைக் கொஞ்சம் மூடி, குரலை இறக்கி, அந்த வார்த்தைகள் எவ்வளவு சுலபமாக வருகின்றன, சுமி டிக் போட்டுக்கொண்டாள், ஸ்தோத்திரம் மட்டும்தான் சொல்லவில்லை.

"பேடிக்க வேண்டாம், ஒரு உறும்பு கடிக்கிற மாதிரி" என்று டாக்டர் சொல்லி, தொப்புளுக்குக் கீழே ஒன்று, இடுப்பில் இரண்டு பக்கமும் ஒவ்வொன்று என்று சின்னச் சின்ன ஓட்டை போட்டு, நீளமான ஊசி வழியாகத் தண்ணீரை ஏற்ற ஆரம்பித்தார், உப்புத் தண்ணீர், அதில் மரத்துப்போகிற மருந்து, ரத்தம் வராமல் இருக்க இன்னொரு மருந்து, தோலுக்கு அடியில் குளிர்ந்து குளிர்ந்து பரவியது, யாரோ வயிற்றுக்குள் ஐஸ்வாட்டர் ஊற்றுகிற மாதிரி, வயிறு விறைத்து, வெளுத்து, பளபளத்து மேலே எழும்பி வந்தது... இது என்ன, குறைப்பதற்கு வந்தால் கூட்டுகிறார்கள். "நாலு லிட்டர் ஏத்தணும், கொழுப்பு நல்லா ஊறணும், இனி அரை மணிக்கூர் வெயிட் பண்ணணும்" என்றார் டாக்டர், முழு மயக்கம் கிடையாது, முழித்துக்கொண்டுதான் கிடக்க வேண்டும், இந்த முறையில் அதுதான் பத்திரம் என்றார். அந்த அரை மணி நேரம், தன் வயிற்றின் மலைக்கு இந்தப் பக்கம் படுத்து, மலைக்கு அந்தப் பக்கம் பேசிக்கொள்கிற இரண்டு பேரைக் கேட்டுக்கொண்டிருந்தார், சுமி நெய்யாற்றின்கரையிலிருந்து தினமும் வருகிறாளாம், கே.எஸ்.ஆர்.டி.சி. சமயத்துக்கு வருவதே இல்லையாம், அக்காளுக்கு பி.எஸ்.சி. லிஸ்டில் பேர் வந்திருக்கிறதாம்... நெய்யாற்றின்கரை, பாலராமபுரம் வழியாகத்தானே பஸ், வாசலில் பிளக்ஸ், ஆளுயரம், பார்த்திருப்பாளோ, பிளக்ஸில் வெள்ளை கோட்டு, சிரிப்பு, கையில் மைக், இங்கே காகித ஜட்டி, யாராலும் பொருத்திப் பார்க்க முடியாது. அவர் ஞாயிற்றுக்கிழமையைப் பார்த்துக்கொண்டார், தொளதொள ஜிப்பா, எலிசாள் ஒரு பக்கம் பிடித்துக்கொள்ள மெதுவாக நடந்து வருவது, தராசில் ஏறுமுன் ஒரு தடுமாற்றம், ரொம்ப இல்லை, முன்வரிசை மட்டும் பார்க்கிற அளவுக்கு, சொரிமுத்து கல்லை உள்பக்கம் உள்பக்கம் என்று நகர்த்திக்கொண்டே போவது, எழுபத்தொன்பது என்று சொல்லும்போது அவன் விபூதி நெற்றி வேர்ப்பது...

பிறகு குழாய் உள்ளே போனது, ஒரு குடைக்கம்பி கனம் இருக்கும், டாக்டர் இடது பக்கத்து ஓட்டையில் செருகி, முன்னும் பின்னும், முன்னும் பின்னும், விசிறி மாதிரி, ஒரு கை குழாயைத் தள்ளுகிறது, இன்னொரு கை மேலே தோலைப் பிடித்துப் பார்க்கிறது, வலி இல்லை, டாக்டர் சொன்னது சரிதான், வலி இல்லை, ஆனால் இழுக்கிறது, உள்ளே நறநறவென்று எதுவோ பிய்கிறது, தன் உடம்பை யாரோ தரையாக நினைத்து வாரியலால் பெருக்குகிறார்கள், சத்தம்தான் தாங்கவில்லை, இளநீர்க் கரிக்கிலிருந்து கடைசித் துளியை ஸ்ட்ராவால் இழுக்கிற சத்தம், இடைவிடாமல், அடுத்த அறைக்குக் கேட்கும். தலையைத் திருப்பினால் கண்ணாடிக் குடுவை, அதற்குள் மஞ்சளாக, நடுவில் சிவப்புக் கோடுகளோடு வந்து விழுந்தது, அவருடையது, சட்டியில் ஆறிப்போன கோழிக்குழம்புக்கு மேலே கட்டி நிற்கிற நெய் மாதிரி, இதோ பதினோராம் நாள் கோழி, இதோ பதினைந்தாம் நாள் மரச்சீனியும் மத்தியும், இருபத்திரண்டாம் நாள் நடுப்பகலில் ரகசியமாக எலிசாளை வாங்கிவரச் சொன்ன பீஃப்... எல்லாம் குடுவையில் அளவுக்கோடு தாண்டி ஏறிக்கொண்டிருந்தது, அவருக்கு அதைப் பார்க்க ஒரு பெருமை, இவ்வளவு என்னிடம் இருந்ததா, கூடவே ஒரு இழப்பு. "இது எத்தனை கிலோ இருக்கும் டாக்டர்" என்று கேட்டார். "இதோ, ஒன்றரை லிட்டர், அதுல பாதி நான் ஏத்தின வெள்ளம்" என்றார் ரெஜி, குழாயை நிறுத்தாமல், "கொழுப்பு கனம் கொறவாக்கும் சேட்டா, வெள்ளத்துல மிதக்கும்." மிதக்கும். அவர் இதை யோசிக்கவே இல்லை, எண்ணெய் மிதக்காதா, தினமும் குழம்பில் பார்க்கிறதுதானே... நாலு லிட்டர் உள்ளே, ஒன்றரை வெளியே, தொண்ணூற்றெட்டரையோடு இரண்டரையைக் கூட்டினால், ஒருமுறை கூட்டினார், மறுபடி கூட்டினார், நூற்றொன்று, சொரிமுத்து தன் கடை தராசில் சிமெண்ட் மூட்டை இரண்டையும் ஒரு கிலோவையும் கண்டு, அந்த ஏலக் குரலில், "நூத்தொண்ணு"... "இந்த வெள்ளம் எப்ப போகும் டாக்டர்." "கொறச்சு வடியும், பாக்கி மூத்திரமா போகும், வீக்கம் நிக்கும், நான் அன்னைக்கே சொன்னேனே." சொன்னார். எல்லாவற்றையும் சொன்னார். சொன்னதை அப்படியே அர்த்தப்படுத்துகிற ஒரு மனிதனை அவர் வாழ்க்கையில் எதிர்பார்த்திருக்கவில்லை.

வேர்த்தது. குளிர்ந்து வேர்த்தது. நெஞ்சுக்குழியிலிருந்து நெய்வாசம் ஒன்று மேலே ஏறியது, வாயை மூடிக்கொண்டார், மனசை அடக்கத் தெரிந்தவர், வயிற்றை அடக்கத்தான் ஒருநாளும் தெரிந்ததில்லை, "சிஸ்டர்" என்று சொல்ல வாயைத் திறந்தார், சொல்லுக்குப் பதிலாக மற்றது வந்தது. சுமி வேகமானவள், தலையைப் பக்கவாட்டில் திருப்பி, வளைந்த தட்டை மோவாயில் கொடுத்துப் பிடித்துவிட்டாள், இரண்டாவது முறை, மூன்றாவது முறை, டாக்டர் குழாயை வெளியே எடுத்தார், மோட்டார் நின்றது, மூன்று பேரும் தட்டைப் பார்த்தார்கள். சரியாகச் சவைக்காமல் விழுங்கியிருக்கிறார், உழுந்துவடையின் ஓரம், அதன் நடு ஓட்டைகூட ஒரு பக்கம் தெரிந்தது. "இது என்னது" என்றார் டாக்டர். "பழசா இருக்கும்" என்றார் யோசுவா. "எத்தனை பழசு, பச்சமொளகு பச்சையா இருக்கே" என்றாள் சுமி. டாக்டர் முகமூடியைக் கீழே இறக்கினார், கோபமாக இல்லை, களைத்துப்போனவர் மாதிரி, "வெறும் வயிறுன்னு சுமிகிட்ட சொன்னீங்க, மயக்கம் தந்திருந்தா இந்த வடை நெஞ்சுக்குள்ள போயி ஆளு தீர்ந்திருக்கும், நிர்த்தாம், இன்னிக்கு இத்தனை மதி, போதும், இடது பக்கம் ஆச்சு, வலது பக்கம் பின்ன ஒரு நாள் பாக்கலாம்." பின்ன ஒரு நாள் என்றால் எந்த நாள், ஞாயிற்றுக்கிழமை ஒரு பக்கம் இறங்கி ஒரு பக்கம் ஏறி, தூக்குக்குண்டு பிடிக்கிறவன் முன்னால்... "வேற என்னெல்லாம் தின்னாருன்னு பைஸ்டாண்டருகிட்ட கேட்டுட்டு வா, மாத்திரை ஏதாவது எடுத்தாரான்னும் கேளு, இவருகிட்ட கேட்டுப் பிரயோஜனம் இல்ல" என்று டாக்டர் சுமியை அனுப்பினார், யோசுவா கண்ணை மூடிக்கொண்டார், எலிசாள் கெட்டிக்காரி, எதையும் சொல்ல மாட்டாள், முப்பத்திநாலு நாள் சொல்லாதவள்.

சுமி ஓடித் திரும்பிவந்தாள். "கேட்டேன் சாரே. ஒண்ணும் தின்னல்ல, முப்பத்திநாலு நாளா உபவாசம், வெள்ளம் மாத்திரந்தான்னு அந்த அம்மா சத்தியம் பண்ணாத கொறையா சொல்லுறாங்க. ஆளு பாஸ்டராக்கும், பாலராமபுரத்துல பெரிய போர்டு இருக்கே சாரே, நான் தினம் பாக்குறது." டாக்டர் தட்டைப் பார்த்தார், யோசுவாவைப் பார்த்தார், "பின்ன இந்த வடை மேலேந்து விழுந்ததா" என்றார். சரி, ரெண்டு பேருக்குத் தெரிந்துவிட்டது, ரெண்டு பேர்தானே, மலையாளிகள், சபைக்கு வருகிறவர்கள் இல்லை, சமாளிக்கலாம், கொஞ்சம் ஜெபம், கொஞ்சம் கண்ணீர்... "அதில்ல சாரே" என்றாள் சுமி, இப்போதுதான் அவள் மூச்சு வாங்குவதை அவர் கவனித்தார், "சொல்லிட்டே அந்த அம்மா பெஞ்சுல சரிஞ்சு போனாங்க. பி.பி. ரொம்பக் கொறஞ்சு போச்சு, சுகர் நாப்பத்திரெண்டு. டிரிப் போட சிஜி சிஸ்டர் ரெண்டு கையும் தடவிப் பாக்குறா, நரம்பு கிட்டல்ல. தோள்ல ரெண்டு குழி, வெள்ளம் ஊத்தி வைக்கலாம். தினம் சாயங்காலம் ஒரு டம்ளர் கஞ்சித்தெளிவு குடிச்சாங்களாம், வேற ஒண்ணும் இல்ல. உபவாசம் இருந்தது அந்த அம்மாவாக்கும்." டாக்டர் கையுறையை உரித்துப் போட்டுவிட்டு வெளியே போனார். கதவு ஆடி ஆடி நின்றது.

யார் கேட்டது இவளை. முதலில் வந்தது அந்தக் கோபம்தான், பிளக்ஸில் இவள் பெயர் இருக்கிறதா, இவளை யாராவது தராசில் ஏற்றினார்களா, ஒரு வார்த்தை என்னிடம் கேட்டாளா... மூன்று வேளை பொங்கி, மீன் அறுத்து, கோழி வறுத்து, இரண்டாவது தடவை சோறு வேண்டுமா என்று கேட்டு, ரசம் ஊற்றி, அதற்கு நடுவில் இவள், அடுக்களையில் சாப்பிடுகிறாள் என்று நினைத்தோம், எல்லாப் பெண்களும் பிறகு அடுக்களையில்தானே சாப்பிடுவார்கள், யார் போய்ப் பார்ப்பது. எதற்கு இருந்தாள், எனக்காகவா, எனக்கு எதிராகவா, வீட்டில் யாராவது ஒருவர் இருந்துவிட்டால் பிளக்ஸில் இருப்பது பொய் ஆகாது என்றா... இந்த இடத்தில் அவர் மனசு, பழக்கத்தால், ஒரு பிரசங்கத்தைப் பிடித்துக்கொண்டது, இந்த உபவாசம் என் வீட்டில் நடந்தது, என் கூரைக்குக் கீழே நடந்தது, மோதிரம் மாற்றினபோது இருவரும் ஒருவர் என்று சொல்லித்தானே மாற்றினோம், அப்படியானால் அவள் இருந்தது நான் இருந்தது, தலைப்புகூட வந்துவிட்டது, ஞாயிற்றுக்கிழமை அவளைத் தராசில் ஏற்றலாம், முதல் நாள் அவளை நிறுக்கவில்லை என்பதுதான் ஒரு சிக்கல், சொரிமுத்துவிடம் ஒரு எண்ணைச் சொல்லிவைத்தால்... அவருக்கு உற்சாகமாகக்கூட இருந்தது ஒரு நிமிடம். சுமி அவரை ஒருக்களித்துப் புரட்டி, அந்த இறுக்கமான உறையை இடுப்பில் ஏற்றி, கொக்கி கொக்கியாக மாட்டிக்கொண்டிருந்தாள், இடது பக்கத்து ஓட்டையிலிருந்து இளஞ்சிவப்பாகத் தண்ணீர் வழிந்து காகிதத்தை நனைத்தது. "சிஸ்டர், அவ பொழச்சுக்குவாளா." "மெடிக்கல் காலேஜுக்குக் கொண்டுபோகணும்னு சார் சொல்லுறாரு. ஆம்புலன்சு விளிச்சிருக்கு." கொக்கி. "நெனவு போகும்போதும் ஒண்ணுதான் சொல்லிட்டிருந்தாங்க, அவருகிட்ட சொல்லாண்டாம், பயந்துபோவாரு, உபவாசத்துல இருக்குற ஆளாக்கும்னு." கொக்கி.

"அப்படிச் சொன்னப்ப சிரிச்சாளா" என்று கேட்டார். "யாரு." "அவ. உபவாசத்துல இருக்குற ஆளுன்னு சொன்னப்ப." சுமி கடைசிக் கொக்கியை மாட்டிவிட்டு நிமிர்ந்தாள், "கண்ணு தொறக்க முடியாத ஆளு எங்க சிரிக்க, பேசாம கெடங்க பாஸ்டரே" என்றாள், பாஸ்டரே என்பதில் ஒரு அழுத்தமும் இல்லை, அதிலும் ஒன்றும் கண்டுபிடிக்க முடியவில்லை. வெளியே சக்கரங்கள் உருள்கிற சத்தம், யாரோ தலைப்பக்கம் பிடி என்றார்கள், இன்னொருத்தி, பிடிக்கவே வேண்டாம், கனமே இல்லை என்றாள்... சிரித்தாளா, அவள் சிரிக்கிறவளா, எப்போது கடைசியாக, எப்போதோ ஒரு சாயங்காலம், உபவாசம் பாதி போயிருக்கும், அவர் சாப்பிட்டுக்கொண்டிருந்தார், பின்னறையில் தையல் மிஷின் ஓடிக்கொண்டே இருந்தது, தின்னுற நேரத்துல என்ன சத்தம் என்று அதட்டினார், "எனக்க பிளவுசாக்கும், தோள்ல நிக்க மாட்டேங்குது, பிடிச்சுத் தைக்கேன், இந்நா முடிஞ்சுது" என்றாள், அவர் காதில் முடிஞ்சுது மட்டும்தான் விழுந்தது, அப்படியானால் எனக்க பேண்டயும் எடுத்து இடுப்புல கொஞ்சம் விட்டுத் தா, ரெண்டு நாளா முட்டுது என்றார், சொன்னார், வாயில் சோற்றோடு சொன்னார். அவள் பிளவுசை எடுத்துவிட்டுப் பேண்டை வைத்தாள், நூலைக்கூட மாற்றவில்லை, தையலைப் பிரித்தாள், ஒரு இஞ்சு விட்டாள், தைத்தாள், குனிந்து நூலைப் பல்லால் கடித்தாள், கடிக்கும்போது உதடு ஒரு பக்கமாக விலகியது, அது நூலுக்காக விலகினதுதானா... அவர் அந்த முகத்தை இன்னும் கிட்டத்தில் கொண்டுவந்து பார்க்க முயன்றார், நூல் வந்தது, பல் வந்தது, உதடு வந்தது, அதற்கு மேலே, கண் இருக்க வேண்டிய இடத்தில், அவருக்கு ஒன்றும் வரவில்லை, வெறும் கூரை விளக்குதான் இருந்தது.